அழகில் நடப்பது என்றால் என்ன? நவஹோக்களின் ஹோஜோ பற்றி

கேட்டிருப்பது இரண்டு. ஒன்று, அமெரிக்கப் பழங்குடிகளான நவஹோக்களின் மதம் இயற்கை வழிபாடுதானா? இரண்டு, "அழகு என் முன்னே, அழகு என் பின்னே, அழகில் நான் நடப்பேன்" என்று வாட்ஸ்அப்பில் மலைப் படத்தோடு சுற்றுகிறதே, அந்த நவஹோ பிரார்த்தனைக்கு உண்மையில் என்ன பொருள்? இரண்டாவதிலிருந்து தொடங்குகிறேன். அதைப் பிரித்துப் பார்த்தால் முதல் கேள்விக்கும் பாதி விடை வந்துவிடும்.

அது காலை வணக்கம் அல்ல. ஒரு நோயாளியின் பிரார்த்தனை. 'இரவு வழி' என்று ஒரு சடங்கு உண்டு. முதல் உறைபனி விழுந்த பிறகு, குளிர்காலத்தில் மட்டும் செய்வது. ஒன்பது இரவுகள் நடக்கும். கடைசி இரவில் சடங்கை நடத்துபவர் வரி வரியாகச் சொல்ல, நோயாளி திருப்பிச் சொல்லும் நீண்ட பிரார்த்தனை ஒன்றின் கடைசிப் பகுதிதான் இப்போது படங்களில் வருகிறது. அதற்கு முன்னால் வரும் பகுதியை யாரும் பகிர்வதில்லை. விடியலால் கட்டிய வீட்டில் இருப்பவனை அழைத்து, என் பாதங்களை எனக்கு மீட்டுக் கொடு, என் கால்களை, என் உடலை, என் மனதை, என் குரலை மீட்டுக் கொடு என்று நோயாளி கேட்கிறார். என்மேல் நீ வைத்ததை இன்றே எடுத்துவிடு என்கிறார். எடுத்தாயிற்று என்கிறார். அதன் பிறகுதான் முன்னே, பின்னே, கீழே, மேலே, சுற்றிலும் என்ற வரிகள். சிகிச்சையின் முடிவு அது. மருந்துச் சீட்டின் கடைசி வரியை மட்டும் கிழித்துச் சட்டம் போட்டு மாட்டினால் எப்படி இருக்கும், அப்படி.

யார் இவர்கள் என்று சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். தங்களைத் 'தினே', அதாவது மக்கள், என்றுதான் சொல்லிக்கொள்வார்கள். நவஹோ என்பது ஸ்பானியர்கள் வழியாக வந்த பெயர். அரிசோனா, நியூ மெக்ஸிகோ, யூட்டா மாநிலங்களில் 70,000 சதுர கிலோமீட்டர் போலப் பரந்த தன்னாட்சிப் பகுதி இவர்களுடையது. பதிவு பெற்ற உறுப்பினர்கள் ஏறக்குறைய 4 லட்சம். தலைநகர் விண்டோ ராக். மொழியின் உறவுக்காரர்கள் வடக்கே கனடாவிலும் அலாஸ்காவிலும் இருக்கிறார்கள். அங்கிருந்து சில நூற்றாண்டுகளுக்கு முன் தெற்கே இறங்கி வந்தவர்கள் என்று தொல்லியலாளர்கள் சொல்வார்கள். தினே மூத்தவர்களைக் கேட்டால், எங்கிருந்தும் வரவில்லை, கீழிருந்து மேலே வந்தோம் என்பார்கள்.

இப்போது அந்த 'அழகு'. மூலச் சொல் ஹோஜோ. நவஹோ மொழியில் ஒரு பானையோ, பெண்ணோ, குதிரையோ அழகாக இருந்தால் 'நிஜோனி' என்பார்கள். அதே வேரோடு 'ஹோ' என்ற முன்னொட்டைச் சேர்த்தால் பொருள் மாறிவிடும். 'ஹோ' ஒரு தனிப் பொருளைக் குறிக்காது. இடத்தை, சூழலை, சுற்றியிருப்பது முழுவதையும் குறிக்கும். அப்படியானால் ஹோஜோ என்பது கண்ணில் படும் அழகு அல்ல. எல்லாம் இருக்க வேண்டிய இடத்தில், இருக்க வேண்டிய உறவில் இருக்கும் நிலை. உடல்நலம், ஒழுங்கு, நல்லிணக்கம், செழிப்பு எல்லாம் அதற்குள் அடக்கம். எதிர்ச்சொல் ஹோச்சோ: குலைந்த நிலை. நோய், வறட்சி, குடும்பச் சண்டை, போரிலிருந்து திரும்பியவனின் தூக்கமின்மை எல்லாம் அந்த ஒரே சொல்லுக்குள் வரும். தமிழில் எனக்குக் கிடைத்தவற்றில் 'சீர்' என்பதுதான் ஓரளவு அருகில் வருகிறது. சீர்குலைவு, சீராக்குதல் என்று இரு பக்கமும் அதில் இருப்பதால் சொல்கிறேன்.

இவர்களுடைய தத்துவத்தின் மையத்தில் நான்கு சொற்கள் கொண்ட ஒரு தொடர் இருக்கிறது: ஸஅ நாகாய் பிகெ ஹோஜோ. இதை மொழிபெயர்க்க முயன்ற ஆய்வாளர்கள் பலர், ஒருவர் சொன்னதை இன்னொருவர் ஏற்றதில்லை. ஒவ்வொரு சொல்லாகப் பார்த்தால் ஓரளவு பிடிபடும். 'ஸ' என்பது முதுமை, முற்றிப் பழுத்த நிலை. 'நாகாய்' என்பது மீண்டும் மீண்டும் நடந்து திரிவது. 'பிகெ' என்றால் அதற்கு ஏற்ப. ஆக, நிறைந்த முதுமையை நோக்கித் திரும்பத் திரும்ப நடப்பதும், அதற்கேற்ப விளையும் சீரும். இதில் மோட்சம் இல்லை, சொர்க்கம் இல்லை, பாவமன்னிப்பு இல்லை. ஒரு மனிதன் பல் விழுந்து, நடை தளர்ந்து, இயல்பாகச் சாகும் வரை ஒழுங்காக நடந்து முடிப்பதுதான் லட்சியம். முதுமையை இப்படித் தத்துவத்தின் தலைவாசலில் வைத்த மரபு வேறு எதையும் எனக்குச் சட்டென்று சொல்லத் தெரியவில்லை.

முதுமை ஏன் அங்கே வந்தது என்பதற்குக் கதை இருக்கிறது.

தினே மக்கள் கீழடுக்கு உலகங்கள் ஒவ்வொன்றாக ஏறி இந்த உலகத்துக்கு வந்தவர்கள். ஒவ்வொரு கீழுலகத்திலும் சண்டை, முறைகேடு, பொறாமை, அதனால் வெளியேற்றம். கடைசியாக, கயோட்டி என்ற, ஓநாய்க்கு உறவான குறும்புக்கார விலங்கு நீர்ப்பூதத்தின் குழந்தையைத் திருடிக்கொண்டு வர, பெருவெள்ளம் துரத்தியது. எல்லோரும் ஒரு பெரிய நாணல் தண்டின் உள்ளே ஏறித் தப்பினார்கள். மேலே வந்த பிறகும் கயோட்டி சும்மா இருக்கவில்லை. கருங்கடவுள் விண்மீன்களை ஒவ்வொன்றாக எடுத்து ஒழுங்காகப் பதித்துக்கொண்டிருக்க, பொறுமையிழந்த கயோட்டி பையைப் பிடுங்கி மிச்சத்தை வானத்தில் ஊதிவிட்டது. பெயரில்லாமல் சிதறிக் கிடக்கும் மீன்களெல்லாம் அப்படி வந்தவை. மனிதனுக்குச் சாவு வந்ததும் கயோட்டியால்தான். தோல் சீவும் கட்டையைத் தண்ணீரில் போட்டு, இது மிதந்தால் நமக்குச் சாவில்லை என்று மக்கள் குறி பார்த்தார்கள். அது மிதந்தது. உடனே கயோட்டி ஒரு கல்லை எடுத்துப் போட்டு, இது மூழ்கினால் சாவு உண்டு என்றது. கல் மூழ்காமல் என்ன செய்யும்? எல்லோரும் கோபத்தோடு பாய, யாருமே சாகாவிட்டால் பூமி நிரம்பிவிடாதா, பயிர் செய்ய இடம் ஏது என்று கேட்டது. அது சொல்வதும் சரிதான் என்று கூட்டம் அடங்கிவிட்டது. எனக்கு இந்தக் கதையில் மிகப் பிடித்தது அந்த அடங்கல்தான். கயோட்டி சாத்தான் அல்ல. குலைப்பதற்கும் ஒரு வேலை இருக்கிறது.

பிறகு அரக்கர்களின் காலம். மாறும் பெண், நவஹோ மொழியில் அஸ்தா நாத்லேஹே, இவர்களுடைய தெய்வங்களில் மிக நேசிக்கப்படுபவள். குழந்தையாக ஒரு மலை உச்சியில் கண்டெடுக்கப்பட்டவள். பருவங்களைப் போல இளமையாகி முதுமையாகி மறுபடி இளமையாகிறவள். சூரியனால் அவளுக்குப் பிறந்த இரட்டையர்கள், அரக்கர்களைக் கொல்பவனும் நீருக்குப் பிறந்தவனும், தகப்பனைத் தேடிப்போய் ஆயுதம் வாங்கிவந்து, மனிதரைத் தின்னும் அரக்கர்களை ஒவ்வொருவராகக் கொன்றார்கள். நியூ மெக்ஸிகோவில் டெய்லர் மலையடியில் கன்னங்கரேலென்று உறைந்து கிடக்கும் எரிமலைக் குழம்பு, அவர்கள் வெட்டிய பேரரக்கனின் ரத்தம். ஷிப்ராக் என்று வரைபடத்தில் இருக்கும் பாறைக்கு இவர்கள் வைத்த பெயர் 'இறக்கையுள்ள பாறை'. அரக்கப் பறவைகளின் கூடு அங்கேதான் இருந்தது.

கடைசியில் நால்வர் மட்டும் மிஞ்சினார்கள். முதுமை என்ற கிழவி. அவள் பெயரும் 'ஸ'தான். குளிர் என்ற மெலிந்த கிழவி, வறுமை, பசி. அரக்கர்களைக் கொல்பவன் ஓங்கிய ஆயுதத்தோடு ஒவ்வொருவரிடமும் போகிறான். என்னைக் கொன்றால் பையன்கள் தகப்பன் ஆகமாட்டார்கள், உலகம் அப்படியே நின்றுவிடும் என்கிறாள் முதுமை. என்னைக் கொன்றால் எப்போதும் வெயில்தான், ஊற்றுகள் வற்றிப்போகும் என்கிறாள் குளிர். நாங்கள் இல்லாவிட்டால் பழைய துணி கிழியாது, புதிதாக எதையும் எவரும் செய்யவேண்டியிருக்காது என்கிறது வறுமை. பசியும் தன் பங்குக்கு, சாப்பாட்டின் ருசி போய்விடும் என்கிறது. நால்வரையும் விட்டுவிட்டு வீட்டுக்குப் போய் ஆயுதத்தை இறக்கி வைக்கிறான். இவர்களுடைய சடங்குகள் அத்தனைக்கும் அடியில் இந்தக் கதை ஓடுகிறது. தீமையை ஒழித்துக்கட்டுவது வேலை அல்ல. அதற்குரிய இடத்தில் திருப்பி வைப்பதுதான் வேலை.

சடங்கு நடக்கும் விதத்தைக் கொஞ்சம் கிட்டத்தில் பார்க்கலாம். ஒருவருக்கு உடம்பு சரியில்லை. முதலில் குறி சொல்பவரிடம் போவார்கள். கை தானாக நடுங்குவதை வைத்தோ விண்மீனை உற்றுப் பார்த்தோ, எங்கே சீர் குலைந்தது, எந்தச் சடங்கு வேண்டும் என்று அவர் சொல்வார். மின்னல் தாக்கிய மரத்தைத் தொட்டிருக்கலாம், பாம்பை மிதித்திருக்கலாம், பிணத்தின் அருகில் போயிருக்கலாம். பிறகு அந்தச் சடங்கு தெரிந்த 'ஹதாலி'யை அழைப்பார்கள். ஹதாலி என்றால் பாடகர். மருத்துவர், பூசாரி என்றெல்லாம் ஆங்கிலத்தில் எழுதுவார்கள். அந்தச் சொல்லில் இருப்பது பாட்டு மட்டும்தான். ஒரு பெரிய சடங்கின் நூற்றுக்கணக்கான பாட்டுகளைப் பிழையின்றிப் பாட, மூத்த பாடகர் ஒருவரிடம் ஆண்டுக்கணக்கில் கற்கவேண்டும். அதனால் ஒருவருக்கு ஒன்றிரண்டு பெரிய சடங்குகள் தெரிந்தாலே அதிகம்.

இடம் ஹோகன் என்ற அவர்களுடைய வீடு: மரத்தண்டும் மண்ணும் கொண்டு கட்டிய, வட்டமான அல்லது பல பக்கங்கள் கொண்ட ஒற்றை அறை, வாசல் எப்போதும் கிழக்கே. உள்ளே நுழைந்தவர் சூரியன் போகும் திசையில்தான் சுற்றி நடக்கவேண்டும். தரையில் சுத்தமான மணலைக் கொட்டி, நெசவுத் தறியில் நூலை அடிக்கும் கட்டையால் நிரவுவார்கள். பொடித்த மணற்கல், வெள்ளைக் களிக்கல், காவிமண், கரி ஆகியவற்றைக் கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவே கசியவிட்டு, நடுவிலிருந்து வெளியே போகும்படி ஓவியம் வளரும். பல பேர் மணிக்கணக்கில் குனிந்து செய்வார்கள். பாடகர் பெரும்பாலும் உட்கார்ந்து மேற்பார்வை பார்ப்பார். ஒரு கோடு தவறினாலும் திருத்தச் சொல்வார். தெய்வங்கள், மக்காச்சோளச் செடி, மின்னல், மூன்று பக்கம் வளைந்து காவல் நிற்கும் வானவில். கிழக்குப் பக்கம் திறந்திருக்கும். இந்த ஓவியத்துக்கு நவஹோ பெயர் 'ஈகா': அவர்கள் வந்து போகும் இடம். அந்த 'அவர்கள்' தெய்வங்கள்.

ஓவியம் முடிந்ததும் ஒருவரும் ரசித்துக்கொண்டு நிற்பதில்லை. நோயாளி அதன் நடுவிலேயே போய் உட்காருவார். பாடகர் கையை ஈரமாக்கி, ஓவியத்திலுள்ள தெய்வத்தின் பாதத்தைத் தொட்டு அந்த மணலை நோயாளியின் பாதத்தில் வைப்பார். அப்படியே முழங்கால், மார்பு, தலை என்று மேலே போவார். தெய்வத்தின் வலு உள்ளே வருகிறது, உள்ளிருக்கும் கோளாறு மணலுக்குப் போகிறது. எழுந்ததும் ஓவியத்தை அழித்து, மணலை வாரி வடக்கே கொண்டுபோய்ப் போட்டுவிடுவார்கள். பகலில் வரைந்தது இருட்டும் வரை இருக்கக்கூடாது. கடைகளில் பலகையில் ஒட்டி விற்கும் மணல் ஓவியங்களைப் பார்த்திருப்பீர்கள். அவற்றில் வேண்டுமென்றே நிறத்தையோ உருவத்தையோ மாற்றிவிடுவார்கள், உண்மையான ஈகா ஆகிவிடக்கூடாது என்பதற்காக. ஹோஸ்டீன் க்ளா (1867–1937) என்ற பெரிய பாடகர், நெசவாளரும்கூட, இந்த ஓவியங்களைக் கம்பளமாகவே நெய்தபோது அவர் கண் பார்வை போய்விடும் என்று ஊரே பயந்தது. அவருக்கு ஒன்றும் ஆகவில்லை. ஆனால் கற்றுக்கொண்டிருந்த சீடர் முந்தி இறந்துவிட, தன் அறிவு அழிந்துவிடக்கூடாது என்று மேரி வீல்ரைட் என்ற பாஸ்டன் பெண்மணியோடு சேர்ந்து சான்டா ஃபேயில் ஓர் அருங்காட்சியகம் உருவாகக் காரணமானார். 1937-ல் அது திறந்தது. 1977-ல் அதே அருங்காட்சியகம் தன்னிடமிருந்த சடங்கு மூட்டைகள் (பாடகர்கள் சடங்குக்குரிய புனிதப் பொருட்களைக் கட்டிவைத்திருப்பவை) பலவற்றை நவஹோக்களிடமே திருப்பிக் கொடுத்துவிட்டது.

எல்லாச் சடங்கும் நோய்க்கானதல்ல. 'ஆசி வழி' என்ற ஹோஜோஜிதான் முதுகெலும்பு; அது சீர் குலையும் முன்பே காப்பது. பிரசவத்துக்கு முன், புது வீடு புகும்போது, பிள்ளை ராணுவத்துக்குப் போகும்போது இரண்டு இரவுகளில் நடக்கும். 'பகைவர் வழி' வேறு விதம். எதிரியைக் கொன்றவன், அயலாரின் பிணத்தைத் தொட்டவன் வீடு திரும்பும்போது அந்த ஆவியும் கூடவே வந்துவிடும் என்பது நம்பிக்கை. இரண்டாம் உலகப் போரில், 1942-ல் 29 நவஹோ இளைஞர்கள் தங்கள் மொழியில் ஒரு ரகசியச் சங்கேதம் உருவாக்கியது பலருக்குத் தெரிந்த கதை. உறைவிடப் பள்ளியில் எந்த மொழியைப் பேசினால் தண்டனை கிடைத்ததோ, அதே மொழி. ஆனால் திரும்பி வந்த போர்வீரர்களுக்குக் குடும்பங்கள் ஆடு விற்று, உறவினரைக் கூட்டிப் பகைவர் வழி நடத்தின என்பதை யாரும் அவ்வளவாகச் சொல்வதில்லை. போருக்குப் பின் வரும் மனக்காயத்துக்கு மருத்துவம் பெயர் வைப்பதற்கு வெகு முன்பே, அதற்கென்று ஊர் கூடிச் செய்யும் வைத்தியம் இவர்களிடம் இருந்தது.

சொல்லைப் பற்றி ஒன்று. நவஹோ நோக்கில் பேச்சு உலகத்தை வர்ணிப்பதில்லை, உருவாக்குகிறது. வாயால் சொன்னது நடக்கும். ஆஸ்பத்திரியில் இது எவ்வளவு பெரிய சிக்கல் என்று யோசித்துப் பாருங்கள். அறுவைக்கு முன் ஆபத்துகளைச் சொல்லியே தீரவேண்டும் என்பது அமெரிக்க மருத்துவ நெறி. நீங்கள் விழிக்காமலே போகலாம் என்று டாக்டர் சொன்னால், நவஹோ பாட்டிக்கு அது தகவல் அல்ல, சாபம். 1995-ல் இரண்டு மருத்துவர்கள் நவஹோக்களிடம் பேசி இதை ஒரு முக்கியமான மருத்துவ இதழில் எழுதினார்கள். கெட்டதைச் சொல்லியே ஆகவேண்டும் என்றால், வேறொரு நோயாளிக்கு இப்படி ஆனது என்று மூன்றாம் ஆள்மேல் வைத்துச் சொல்லலாம் என்பது அங்கே புழங்கும் வழி. நம் வீடுகளிலும் அபசகுனமாகப் பேசாதே என்று வாயை அடைப்பார்கள். அங்கே அது வெறும் மரியாதை அல்ல, முழு அறிவியல்.

1993-ல் அந்தப் பகுதியில் திடகாத்திரமான இளைஞர்கள் மூச்சுத்திணறிச் செத்தார்கள். ஹான்டா வைரஸ். சுண்டெலி வழியாகப் பரவியது என்று பின்னர் தெரிந்தது. மழை அதிகமாகி, பின்யான் என்ற பைன் மரத்தின் கொட்டை அமோகமாக விளைந்து, எலி பெருகும் ஆண்டில் இப்படி வரும் என்று மூத்தவர்கள் சொன்னது ஆய்வாளர்களின் முடிவோடு பொருந்தியது. எலி இரவின் உலகத்தைச் சேர்ந்தது, மனிதன் பகலைச் சேர்ந்தவன், இரண்டும் கலக்கக்கூடாது. எலி தொட்ட துணியை எரித்துவிடு. இது பழைய விதி. மறுபடியும் அதே விஷயம்தான்: ஒவ்வொன்றும் அதனதன் இடத்தில்.

உறவுமுறை பற்றிச் சொல்லாமல் இந்தப் பதில் முடியாது. 'கே' என்ற ஒரு குட்டிச் சொல்: உறவு, அன்பு, கடமை, எல்லாம் அதில் சேர்ந்தது. ஒரு நவஹோ தன்னை அறிமுகம் செய்யும்போது பெயருக்குப் பின் நான்கு குலங்களைச் சொல்வார். தாயின் குலம், அதுதான் அவருடைய குலம். தகப்பனின் குலம், அதற்காகப் பிறந்தவர். தாய்வழித் தாத்தாவின் குலம். தந்தைவழித் தாத்தாவின் குலம். கேட்பவர் மனதுக்குள் கணக்குப் போட்டு, அப்படியானால் நீ எனக்குத் தம்பி, நீ எனக்குப் பேத்தி என்பார். அந்த நிமிடத்திலிருந்து நடத்தை மாறும். ஒரே குலத்துக்குள் கல்யாணம் கூடாது. மாறும் பெண் தன் உடம்பின் தோலைத் தேய்த்து எடுத்து உருவாக்கியவை முதல் நான்கு குலங்கள். இன்று அறுபதுக்கும் மேல். 'ஷிமா', என் அம்மா, என்ற சொல் பெற்றவளோடு நிற்காது. பூமியும் ஷிமா, சோளக்கொல்லையும் ஆட்டு மந்தையும் ஷிமா. சோறு போடுவதெல்லாம் அம்மா.

குழந்தை முதன்முதலாக வாய்விட்டுச் சிரிக்கும் நாளைக் கொண்டாடுவார்கள். அதுவரை குழந்தை முழுக்க இந்த உலகத்தில் இல்லை. யார் அதைச் சிரிக்க வைத்தாரோ அவர்தான் விருந்து போடவேண்டும். மாட்டிக்கொண்டோமே என்று அவரைக் கிண்டல் செய்வதும் உண்டு. அன்றைக்குக் குழந்தையின் உள்ளங்கையில் கல் உப்பை வைத்து, கையைப் பிடித்தபடி வந்தவர் ஒவ்வொருவருக்கும் கொடுக்க வைப்பார்கள். மூன்று மாதக் குழந்தை உலகத்தில் செய்யும் முதல் காரியம் பிறருக்குக் கொடுப்பது.

பெண் வயதுக்கு வந்தால் கினால்தா. முதலில் இது நடந்தது மாறும் பெண்ணுக்கு. நான்கு நாட்கள் அந்தப் பெண் விடியலில் கிழக்கு நோக்கி ஓடவேண்டும், ஒவ்வொரு முறையும் முன்பைவிடத் தூரம். கூட ஓடுபவர்கள் அவளை முந்தக்கூடாது. பகலெல்லாம் சோளம் அரைப்பாள். நல்ல குணமுள்ள மூத்த பெண் ஒருத்தி அவளைப் படுக்க வைத்து உடம்பை நீவிவிடுவாள், அந்த நாட்களில் உடம்பும் குணமும் களிமண் போல வடிவத்துக்கு இடம் கொடுக்கும் என்பதால். கடைசி இரவு தரையில் குழி தோண்டி, நெருப்பு மூட்டிச் சூடேற்றி, சோளமட்டை பரப்பி, மாவை ஊற்றி மூடி, மேலே தீ வளர்த்து விடிய விடிய வேகவைப்பார்கள். உள்ளே பாட்டு ஓயாது. காலையில் வட்டமான அந்தப் பெரிய பணியாரத்தை வெட்டி வந்தவர்களுக்கெல்லாம் கொடுப்பது அவள்தான். அவள் மட்டும் சாப்பிடமாட்டாள்.

இயற்கை வழிபாடா என்ற முதல் கேள்விக்கு வருகிறேன். இல்லை என்பேன். இயற்கை என்று தனியாக வெளியே ஒன்று இருந்தால்தானே அதை வழிபட முடியும்? இவர்களுக்கு நிலம் ஓர் உறவு. நான்கு திசையிலும் நான்கு மலைகள், ஒவ்வொன்றுக்கும் உரிய ஒரு மணியோடு: கிழக்கே பிளாங்கா, வெண்சிப்பி, தெற்கே டெய்லர், நீலக்கல், மேற்கே சான் பிரான்சிஸ்கோ சிகரங்கள், மஞ்சள் ஒளிரும் சிப்பி, வடக்கே ஹெஸ்பெரஸ், கருங்கல் மணி. இவற்றின் நடுவே இருக்கும்போது மட்டுமே சடங்கும் பாட்டும் முழு வலுவோடு இருக்கும். அதனால்தான் 1864-ன் நெடுநடை வெறும் இடப்பெயர்ச்சி அல்ல. அமெரிக்க ராணுவ அதிகாரி கிட் கார்சன் பயிரையும் பழமரங்களையும் அழித்துப் பட்டினி போட்டு இவர்களைச் சரணடைய வைத்தார். ஏறக்குறைய 500 கிலோமீட்டர் நடத்தியே கொண்டுபோய், பெக்கோஸ் ஆற்றங்கரையில் உவர்நீர் குடிக்க வைத்து, நான்கு ஆண்டுகள் அடைத்து வைத்தார்கள். ஆயிரக்கணக்கானோர் திரும்பவில்லை. 1868-ல் ஜெனரல் ஷெர்மன் பேச வந்தபோது பார்பான்சிட்டோ என்ற தலைவர், அவரும் ஒரு பாடகர்தான், அரசியல் பேசவில்லை. நாங்கள் உண்டாக்கப்பட்டபோதே நான்கு மலைகளையும் நான்கு ஆறுகளையும் காட்டி இதற்குள் இருங்கள் என்று சொல்லப்பட்டது என்றார். அதற்குச் சற்று முன் அவர்கள் ஒரு பெண் கயோட்டியைச் சுற்றி வளைத்துப் பிடித்து, பார்பான்சிட்டோ அதன் வாயில் வெண்சிப்பி வைத்து விட்டதாகவும், அது மெல்ல மேற்கே, வீட்டுத் திசையில், நடந்து போனதாகவும் வாய்மொழி வரலாறு சொல்கிறது. ஜூன் 1-ம் தேதி ஒப்பந்தம் கையெழுத்தானது. அமெரிக்க அரசால் பெயர்க்கப்பட்ட பழங்குடிகளில் தங்கள் சொந்த மண்ணுக்கே திரும்ப முடிந்தவர்கள் மிகக் குறைவு, இவர்கள் திரும்பினார்கள். டெய்லர் மலையின் உச்சி தூரத்தில் தெரிந்தபோது, தரையிடம் பேசவேண்டும் போலிருந்தது என்று மனுவலிட்டோ என்ற தலைவர் பின்னர் சொன்னார்.

அதே மண்மேல் இன்றும் வழக்கு ஓடியிருக்கிறது. சான் பிரான்சிஸ்கோ சிகரத்தில் பனிச்சறுக்கு விளையாட்டுக்காக, சுத்திகரித்த கழிவுநீரிலிருந்து செயற்கைப் பனி தூவ அனுமதி கொடுத்தார்கள். நவஹோக்களும் ஹோப்பி முதலான பிற பழங்குடிகளும் எதிர்த்தார்கள். 2008-ல் மேல்முறையீட்டு நீதிமன்றம், பக்தர்களின் மன உணர்வுதான் பாதிக்கப்படுகிறது, மதத்தைக் கடைப்பிடிக்க யாரும் தடை போடவில்லை என்று தள்ளிவிட்டது. மதம் என்பது மனதுக்குள் இருப்பது என்ற எண்ணத்திலிருந்து வந்த தீர்ப்பு. ஹதாலி மூலிகை பறிப்பதும், சடங்கு மூட்டைக்கு மண் எடுப்பதும் அந்த மலையிலிருந்துதான். அது மனதுக்குள்ளா இருக்கிறது?

யுரேனியம் கதையும் இங்கே சேரும். 1944 முதல் 1986 வரை நவஹோ நிலத்திலிருந்து ஏறக்குறைய 3 கோடி டன் தாது தோண்டினார்கள். கைவிட்ட சுரங்கங்கள் 500-க்கும் மேல். 1979 ஜூலை 16-ல் சர்ச் ராக்கில் அணை உடைந்து கதிரியக்கக் கழிவு ஆற்றில் கலந்தது. யுரேனியத்துக்கு இவர்கள் வைத்த பெயர் லேட்சோ, மஞ்சள் மண். அரக்கர் கதை தெரிந்தவர்கள் அதைப் புதிய அரக்கன் என்றே பேசினார்கள். தோண்டாமல் அதன் இடத்திலேயே விட்டிருந்தால் அது அரக்கன் ஆகியிருக்காது என்பதுதான் அவர்கள் வாதம். 2005-ல் நவஹோ அரசு தன் நிலத்தில் யுரேனியம் எடுப்பதையே சட்டம் போட்டுத் தடுத்தது.

இதையெல்லாம் படித்துவிட்டு, ஒவ்வொரு நவஹோவும் விடியலில் சோள மகரந்தம் தூவிப் பிரார்த்தித்துக்கொண்டிருப்பதாக நினைக்கவேண்டாம். தூவுகிறவர்கள் இருக்கிறார்கள். தேவாலயம் போகிறவர்களும் பெருவாரி. பெயோட்டி கள்ளியைப் புனிதமாக உட்கொள்ளும் பூர்வீக அமெரிக்கத் திருச்சபையும் வலுவாக இருக்கிறது. அதை நவஹோ சபையே 1940-ல் தடைசெய்து 1967-ல்தான் அனுமதித்தது. ஒரே குடும்பம் மூன்றுக்கும் போவது சாதாரணம். எது குணமாக்குகிறதோ அது வேலை செய்கிறது. ஒன்றை எடுக்க இன்னொன்றை விடவேண்டும் என்ற கட்டாயம் அவர்களுக்கு இல்லை. ஓர் எச்சரிக்கையும்: யூடியூபில் நவஹோ என்று தேடினால் தோல்மாறி சூனியக்காரர்கள் பற்றிய வீடியோதான் முதலில் வரும். அதைப் பற்றி நான் எழுதப்போவதில்லை. அவர்கள் வீட்டிலேயே பேசத் தயங்கும் விஷயம் அது; பேசினால் கவனத்தை ஈர்க்கும். கயோட்டி கதைகளையும்கூட முதல் உறைபனிக்கும் முதல் இடிக்கும் நடுவில், பாம்பும் கரடியும் தூங்கும்போதுதான் சொல்வார்கள். இதை நீங்கள் கோடையில் படித்துக்கொண்டிருந்தால், முறைப்படி நான் சொல்லியிருக்கக்கூடாது.

அந்தப் பிரார்த்தனையின் கடைசி வரி: ஹோஜோ நாஹாஸ்த்லீ. நான்கு முறை சொல்லவேண்டும். ஆங்கிலத்தில் 'அழகில் முடிந்தது' என்று போட்டுவிட்டார்கள், அங்கிருந்துதான் வாட்ஸ்அப்புக்கு வந்தது. மூலத்தில் முடிந்தது என்ற பொருளே இல்லை. அதிலுள்ள 'நா' என்ற முன்னொட்டுக்கு 'மறுபடி' என்று பொருள். என் பாதங்களை மீட்டுக் கொடு என்று கேட்டபோது வந்ததும் அதே 'நா'தான். மறுபடி சீராகிவிட்டது. அதைச் சொல்லி, இரவு முழுவதும் பாட்டுக் கேட்ட பிறகு, நோயாளி விடியலில் வெளியே வந்து கிழக்கைப் பார்த்து நான்கு முறை மூச்சை உள்ளிழுப்பார். பொழுது சாயும் வரை அவர் தூங்கக்கூடாது.